தலைவலி இருக்கான்னு கேட்டாங்க

எங்க ஊர்க்காரங்களுக்கு மலைன்னா அது ஏறிப் பாக்கற சமாச்சாரமே இல்ல. கிருஷ்ணகிரில ஜன்னலத் தொறந்தா பாறை, மொட்டை மாடிக்குப் போனா பாறை, ரோட்ல நின்னு அண்ணாந்தா கோட்டை மலை, அது பாட்டுக்கு அங்க இருக்கு நாம பாட்டுக்கு இங்க இருக்கோம்னுதான் காலம் ஓடும். 42 வயசு வரைக்கும் நான் அந்தக் கோட்டை மலைல மொத்தமே மூணு தடவதான் ஏறியிருப்பேன், அதுல ஒண்ணு ஸ்கூல்ல கூட்டிட்டுப் போனது. அப்படிப்பட்ட நான் போன ஜனவரி கடைசில உத்தரகண்ட்ல கேதார்கண்டான்னு ஒரு மலை, 3,810 மீட்டர், அதோட உச்சிக்கு நடுராத்திரி பனில நடந்து போய் விடியறப்ப நின்னேன்னா அதுக்கு முழுப் பொறுப்பும் பாப்பாதான்.

பாப்பான்னா குழந்தை இல்லைங்க. என் நாத்தனார். 33 வயசு, பெங்களூர்ல ஐடி கம்பெனி, வாரத்துக்கு நாலு நாள் ஜிம்மு, ஞாயித்துக்கிழம கப்பன் பார்க்ல ஓட்டம். வீட்ல கடைக்குட்டி, அதனால கல்யாணமாகி ஏழு வருஷம் ஆகியும் எல்லாருக்கும் பாப்பாதான். அவளும் அவ வீட்டுக்காரரும் போறதா புக் பண்ணின ட்ரெக், அவருக்கு ஆபீஸ்ல என்னமோ ரிலீஸாம், லீவு கேன்சல், கட்டின பணம் திரும்ப வராது ஆனா பேர மாத்திக்கலாம்னு ட்ரெக் கம்பெனில சொல்லிட்டாங்களாம். டிசம்பர் மொத வாரம் போன் பண்ணா. "அண்ணி, நீங்க வாங்க." நான் சிரிச்சேன். "சிரிக்காதீங்க, உங்களுக்கு இப்ப சீசன்கூட இல்லையே."

அது உண்மைதான். நான் வேலை பாக்கறது மாங்கூழ் ஃபேக்டரில, அக்கவுண்ட்ஸ். மே கடைசில ஆரம்பிச்சா ஆடி மாசம் வரைக்கும் பெங்களூரா மாங்கா ஏத்துன லாரி கேட்டுக்கு வெளிய ரோடு வரைக்கும் நிக்கும், எடைச் சீட்டு, வண்டி வாடகை, விவசாயிக்குப் பட்டுவாடா, ராத்திரி பத்து மணிக்கு வீட்டுக்கு வந்தாலும் சேலைல மாங்கா வாசனை போகாது. ஜனவரில ஈ ஓட்டிக்கிட்டு இருப்போம். வீட்டுக்காரர் எப்படியும் வேணாம்னு சொல்வார்னு நம்பி அவர்கிட்ட கேட்டேன், அவர் டிவில இருந்து கண்ண எடுக்காம "போய்ட்டு வாயேன்"னுட்டார். போச்சா.

கம்பெனிக்காரங்க ஒரு பாரம் அனுப்பினாங்க. டாக்டர் சர்டிபிகேட் வேணும், அதோட 5 கிலோமீட்டர 40 நிமிஷத்துக்குள்ள முடிச்சதுக்கு போன் ஆப்ல இருந்து ஸ்கிரீன்ஷாட் வேணும். மொத நாள் காலேஜ் கிரவுண்டுல எனக்கு 58 நிமிஷம் ஆச்சு, வீட்டுக்கு வந்து திண்ணைல அப்படியே சாஞ்சேன். அத்தை, அதான் என் மாமியார், காப்பிய வெச்சுட்டு ஒரு பார்வை பாத்தாங்க. "ஏம்மா, யாரு உன்னத் தொரத்தறாங்க?" ஆறு வாரம் விடாம பண்ணேன். ஒரு நாள் கிரவுண்டு, ஒரு நாள் கோட்டை மலை, முதுகுப் பைல அஞ்சு கிலோ பொன்னி அரிசி. மலை மேல தர்கா இருக்கில்ல, அங்க தினமும் காலைல ஏறி வர்ற ஒரு வயசான பாய் நான் படற பாட்ட ரெண்டு வாரம் பாத்துட்டு ஒரு நாள் நின்னு சொன்னார், "ஓடி ஓடி நிக்காதம்மா. பக்கத்துல ஒருத்தர்கிட்ட பேசிக்கிட்டே நடக்கற வேகம் இருக்கு பாரு, அந்த வேகத்துல நட, நிக்கவே வேணாம்." இத எதுக்கு சொல்றேன்னா, அப்புறம் இமயமலைல கைடுப் பையன் இந்தில சொன்னதும் வார்த்தைக்கு வார்த்தை இதேதான். கடைசி ஸ்கிரீன்ஷாட் 39 நிமிஷம் சொச்சம். பாப்பாவோடது 27.

சாமான் லிஸ்டு பத்தி ஒண்ணே ஒண்ணு சொல்லிட்டுப் போயிடறேன், யாராவது போறவங்க இருந்தா உதவும். காட்டன் கூடாது. நம்ம ஊர்ல காட்டன்தான் உசத்தி, ஆனா அங்க வேர்வைய உறிஞ்சி வெச்சுக்கிட்டு காயவே காயாது, நின்ன உடனே அந்த ஈரமே ஐஸ் மாதிரி உடம்புல ஒட்டிக்கும். ஒரே ஒரு பெரிய ஸ்வெட்டர் போடறதுக்கு பதிலா மெலிசா நாலு போட்டு நடக்கறப்ப ஒண்ணொண்ணா கழட்டணும். ஜாக்கெட், ஊனுகோல், ஷூவுல மாட்டற முள்ளுச் சங்கிலி, பனி உள்ள போகாம முட்டிக்குக் கீழ கட்டற கெய்ட்டர் எல்லாம் அங்கயே வாடகைக்கு கெடைக்கும். எனக்குக் குடுத்த கெய்ட்டர்ல ஒரு பட்டை அறுந்திருந்துச்சு, கேட்டா இதான் இருக்குன்னாங்க, 15 பேர் பேட்ச்னு சொல்லிட்டு 26 பேர சேத்திருந்தாங்க, அது வேற கதை. அத்தை தன் பங்குக்கு ஒரு குரங்குக் குல்லாவும் ஒரு டப்பா ராகி உருண்டையும் வெச்சாங்க.

கிருஷ்ணகிரிக்கு ரயில் கெடையாது, வெள்ளைக்காரன் காலத்துல ஒரு குட்டி ரயில் ஓடிக்கிட்டு இருந்து அதையும் புடுங்கிட்டாங்க, அதனால எங்க போறதுன்னாலும் நமக்கு பெங்களூர் பஸ்லதான் ஆரம்பம். அங்க இருந்து பாப்பாவோட ஃப்ளைட்ல டேராடூன். மறுநாள் விடியக்காலைல வேன், சாங்க்ரி வரைக்கும் கிட்டத்தட்ட 200 கிலோமீட்டர், பத்து மணி நேரம், எல்லாம் வளைவு, வேன்ல பாதிப் பேர் பாலிதீன் பையும் கையுமா வந்தாங்க. மோரி தாண்டினதும் டோன்ஸ் ஆறு கூடவே வருது. நெட்வார்னு ஒரு ஊர்ல ரூபின், சூபின்னு ரெண்டு ஆறு சேந்துதான் டோன்ஸ் ஆகுது, அது கீழ போய் யமுனைல கலக்குது. டிரைவர் கதை சொல்லிக்கிட்டே ஓட்டினார், பாப்பா எனக்குத் தமிழ்ல சொல்லிக்கிட்டே வந்தா. இந்தப் பக்கத்துல சில ஊர்ல துரியோதனனக் கும்பிடற வழக்கம் உண்டாம், அவன் செத்தப்ப சனங்க அழுத கண்ணீர்தான் இந்த ஆறாம். கர்ணனுக்கும் கோயில் இருக்காம். துரியோதனன் இல்ல அது சோமேஸ்வர்னு இப்ப சொல்றவங்களும் உண்டாம். நெட்வார்ல போக்கு தேவதான்னு ஒரு சாமி, பூசாரியே முதுகக் காட்டிக்கிட்டுதான் பூஜை பண்ணுவாராம், நேரா பாக்கக்கூடாதாம்.

எங்கம்மா ஊரு காவேரிப்பட்டணம் பக்கம். தர்மராஜா கோயில் திருவிழான்னா அங்க பதினெட்டு நாள் பாரதம், ராத்திரி விடிய விடிய கூத்து, அர்ஜுனன் தபசுக்கு நட்ட மரத்துல கூத்துக்காரர் ஒவ்வொரு படிக்கும் ஒரு பாட்டுப் பாடி ஏறுவார், கடைசில படுகளம். களிமண்ணுல துரியோதனன மல்லாக்கப் படுக்க வெச்சிருப்பாங்க, அவ்ளோ பெரிய உருவம், பீமன் வேஷம் கட்டினவர் வந்து தொடைல அடிப்பார், நானும் சின்னதுல அந்தக் கூட்டத்துல நின்னு அடி அடின்னு கத்தியிருக்கேன். வருஷா வருஷம் நாம அடிச்சுக் கொல்ற ஆளுக்கு இங்க ஒரு ஆறு முழுக்க அழுது வெச்சிருக்காங்க. மத்தவங்க எல்லாம் தூங்கிட்டாங்க, எனக்குத் தூக்கம் வரல, தண்ணியவே பாத்துக்கிட்டு வந்தேன்.

சாங்க்ரி 1,900 மீட்டர் சொச்சம். அங்க இருந்து மொத நாள் ஜூடா கா தாலாப்னு ஒரு ஏரிக்கரை, சிவன் ஜடைல இருந்து விழுந்த தண்ணின்னு சொல்றாங்க, நாங்க போனப்ப ஏரியே இறுகிக் கெடந்துச்சு, காலேஜ் பசங்க மேல ஏறி நின்னு போட்டோ எடுத்தாங்க, கைடு திட்டினார். ரெண்டாவது நாள் பேஸ் கேம்ப், 3,400 மீட்டர் வாக்குல. வழியெல்லாம் பைன் மரம், இடைல இடைல தார்ப்பாய் போட்ட கடைல டீயும் மேகியும். பாப்பா ரெண்டு நாளும் எல்லாருக்கும் முன்னாடி. கைடுக்கு அடுத்து அவதான், சில நேரம் கைடுக்கும் முன்னாடி, அவர் கூப்பிட்டு பின்னாடி வான்னு சொல்ற அளவுக்கு. நான் கடைசில இருந்து மூணாவது, எனக்குப் பின்னாடி ஒரு குஜராத்திப் பெரியவரும் அவர் சம்சாரமும், அப்புறம் யாரும் விட்டுப் போகாம பாத்துக்கற கடைசி கைடு. அவனுக்கு 22 வயசு இருக்கும், சாங்க்ரி பக்கத்துப் பையன், என்ன தீதி தீதின்னுதான், அதான் அக்கான்னுதான் கூப்பிடுவான், எப்ப எவ்ளோ தூரம்னு கேட்டாலும் "பஸ், தஸ் மினிட்", பத்தே நிமிஷம்தானாம், அவ்ளோதான்.

உயரத்துல என்ன ஆகும்னு கம்பெனிக்காரங்க மொத நாளே உக்கார வெச்சு சொன்னாங்க. காத்துல ஆக்சிஜன் எங்க போனாலும் 21 சதவீதம்தான், அது கொறையறது இல்ல, ஆனா காத்தே மெலிசாயிடும். நம்ம கிருஷ்ணகிரி ஏறக்கொறைய 500 மீட்டர். 3,800 மீட்டர்ல ஒரு மூச்சு இழுத்தா கடலோரத்துல கெடைக்கறதுல மூணுல ரெண்டு பங்குக்கும் கொறச்சலாதான் கெடைக்கும். உடம்பு அதுக்குப் பழகிக்கும், ஆனா டைம் குடுக்கணும். முக்கியமா, ஜிம் பாடிக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல. ஓட்டக்காரனுக்கும் வரும், தொப்பைக்காரனுக்கு வராமலும் போகும், வேகமா ஏறறவங்களுக்குத்தான் வாய்ப்பு ஜாஸ்தி. தலைவலி, குமட்டல், பசியின்மை, தூக்கமின்மை. இதுல எது வந்தாலும் சொல்லணும், சொன்னா மேல போகக்கூடாது, மோசமானா கீழ எறங்கணும், எறங்கறதுதான் வைத்தியம், மத்ததெல்லாம் அப்புறம். இவ்ளோ தெளிவா சொன்னாங்க. நானும் மண்டைய ஆட்டிக் கேட்டேன்.

பேஸ் கேம்ப்ல சாயங்காலம் அஞ்சரை மணிக்கு சூரியன் ஒரு மலைக்குப் பின்னாடி போச்சு, அந்த நிமிஷமே யாரோ ஃபிரிட்ஜுக்குள்ள தள்ளி கதவ சாத்தின மாதிரி. தண்ணி பாட்டில தலகீழா வைக்கச் சொன்னாங்க, ஐஸ் மேல இருந்துதான் கட்டும், தலகீழா இருந்தா காலைல மூடி பக்கம் தண்ணியா இருக்கும். போன், டார்ச் பேட்டரி எல்லாம் ஸ்லீப்பிங் பேக்ல நம்ம கூடவே தூங்கணும். டீ கொதிக்க கொதிக்க வாங்கினாலும் வாய் சுடல, அங்க தண்ணி 90 டிகிரிக்கும் கொறச்சல்லயே கொதிச்சிருது. இதெல்லாம் நல்லாதான் இருந்துச்சு. டாய்லெட்தான். குழி தோண்டி மேல ஒரு கூடாரம், ஜிப்பு, பக்கத்துல மண்ணு, டென்ட்ல இருந்து ஐம்பதடி பனில நடக்கணும், இருட்டுல. பாப்பா மத்தியானத்துல இருந்து தண்ணியே குடிக்கல. ஏன்டின்னு கேட்டதுக்கு "அடிக்கடி போகணும் அண்ணி, என்னால ஆகாது"ன்னா. பொம்பளைங்க பாதிப் பேர் அன்னிக்கு அதே வேலையத்தான் பண்ணாங்க, நானும் கொஞ்சம் கொறச்சேன், பொய் சொல்லல.

ஆறு மணிக்கு டென்ட்டுக்குள்ள பாப்பா நெத்தியப் புடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தா. "டோலோ இருக்கா அண்ணி?" குடுத்தேன். "எப்ப இருந்து?" "மத்தியானம்." "சொல்லலாம்ல அந்தப் பையன்கிட்ட." "வேணாம் அண்ணி. இது வெறும் கேஸ் ட்ரபிள். ஆறு மாசமா இதுக்குன்னே ஓடியிருக்கேன், சொன்னா இங்கயே உக்கார வெச்சிருவாங்க." ராத்திரி சாப்பாட்டுக்கு ராஜ்மாவும் சாதமும். ரெண்டு வாய் அளைஞ்சுட்டு தட்ட என்கிட்ட நீட்டினா. கேம்ப்ல ஒரு கருப்பு நாய், சடை சடையா முடி, ஜூடா கா தாலாப்ல இருந்தே எங்க கூட வந்துக்கிட்டு இருந்துச்சு. நாய் வந்துச்சுன்னு சொன்னா பாரதத்த வெச்சு கதை விடறேன்னு நெனைப்பீங்க, அந்த ரூட்ல நாய் வராத பேட்ச்சே இல்லைங்க, எல்லாம் பிஸ்கட்டுக்குத்தான். பாப்பா தட்ட நான் டென்ட்டுக்குப் பின்னாடி கொண்டு போய் அதுக்கு வெச்சுட்டு காலித் தட்டத் திருப்பிக் கொண்டு வந்தேன். சாப்பிட்டுட்டான்னு எல்லாரும் நெனைக்கட்டும்னுதான் அப்படிப் பண்ணேன், அது எனக்கு நல்லாவே தெரிஞ்சுதான் பண்ணேன்.

அப்புறம் அந்தப் பையன் நோட்டும், விரல்ல மாட்டி ரத்தத்துல ஆக்சிஜன் எவ்ளோன்னு பாக்கற ஆக்சிமீட்டரும் எடுத்துக்கிட்டு டென்ட் டென்ட்டா வந்தான். எனக்கு 88. பாப்பாவுக்கு 84, கை சில்லுன்னு இருந்தா கொறச்சுக் காட்டும்னு சொல்லி கையத் தேச்சு மறுபடி வெச்சான், 85. எழுதிக்கிட்டான். சர்தர்த், அதான் தலைவலி? இல்ல. உல்ட்டி, வாந்தி வர்ற மாதிரி? இல்ல. கானா, சாப்பாடு? சாப்பிட்டேன். டார்ச் வெளிச்சம் அவ மூஞ்சிலயே கொஞ்ச நேரம் நின்னுச்சு. அப்புறம் என் பக்கம் திரும்பி "தீதி, யே டீக் ஹை னா?" இவ நல்லாத்தானே இருக்காங்கன்னு கேக்கறான். எனக்கு இந்தில தெரிஞ்ச வார்த்தை மொத்தம் முப்பது இருக்கும். அதுல ஒண்ணு டீக். "டீக்"ன்னேன்.

ரெண்டு மணிக்கு எழுப்பினாங்க. எதுக்கு இந்த அகால நேரம்னா சூரியோதயம் பாக்கறது மட்டும் இல்ல, ராத்திரில பனி கல்லு மாதிரி இறுகி இருக்கும், முள்ளு புடிச்சு நிக்கும், வெயில் ஏற ஏற சேறு மாதிரி ஆயிடும், வழுக்கும், மத்தியானத்துக்கு மேல மேகமும் எறங்கிரும். மூணு மணிக்கு கெளம்பினோம். இருபத்தாறு பேர் நெத்தில லைட்டு, கூத்து முடிஞ்சு வரப்புல டார்ச் அடிச்சுக்கிட்டு வீட்டுக்குப் போற கூட்டம் மாதிரியே இருந்துச்சு, என்ன, அங்க தூக்கக் கலக்கத்துல பேசிக்கிட்டே போவோம், இங்க சத்தமே இல்ல. சங்கிலி பனில கடிக்கற கரக் கரக், மூச்சு, அவ்ளோதான். நட்சத்திரம் பாத்தேன்னு எழுத ஆசைதான், ஆனா நான் பாத்தது முன்னாடி போறவங்க ஷூவோட பின்பக்கம். ஒரு அடி வெச்சு, பின்னங்கால நேரா ஊனி ஒரு நொடி நின்னு, அடுத்த அடி. கோட்டை மலை பாய நெனைச்சுக்கிட்டேன். பேச ஆள் இல்ல, அதனால மனசுக்குள்ள லாரி நம்பர் சொல்லிக்கிட்டு நடந்தேன், டிஎன் 24, டிஎன் 29, போன சீசன்ல வந்த வண்டிங்க எல்லாம்.

அஞ்சு மணி இருக்கும். கொஞ்சம் சமதளமா ஒரு எடம். நான் போய்ச் சேர்றப்ப பாப்பா வழில இருந்து தள்ளி பனில முட்டி போட்டு உக்காந்திருந்தா. அவ முன்னாடி இல்லாம என் வரிசை வரைக்கும் பின்தங்கியிருக்கான்னு அப்பதான் ஒறைச்சுது. வாந்தி எடுத்தா, வெறும் தண்ணி, மறுபடி எடுத்தா. கையுறை கழண்டு கெடந்துச்சு, எடுத்து மாட்டி விட்டேன், விரல் ஒவ்வொண்ணும் அவளோடது மாதிரியே இல்ல. அந்தப் பையன் வந்து ஒண்ணும் பேசல, ஊனுகோலால பனில பத்தடி நீளத்துக்கு ஒரு கோடு போட்டான், அதுமேல குதிகாலும் கட்டவிரலும் ஒட்ட ஒட்ட நடன்னான். நடந்தா. தள்ளாடல. அவன் மூஞ்சில ஒரு சின்ன நிம்மதி தெரிஞ்சுது, தள்ளாடியிருந்தா மூளை வீங்குதுன்னு அர்த்தமாம், அது வேற லெவல் ஆபத்து, இத அப்புறம்தான் எனக்கு சொன்னாங்க. "எப்ப இருந்து தலைவலி?" பாப்பா நிமிரல. "கல் ஸே." நேத்துல இருந்து.

அவன் என்னப் பாத்தான். திட்டல. "தீதி"ன்னு மட்டும் சொன்னான்.

கீழ எறங்கணும், இப்பவே, பேச்சே இல்ல. ஒரு உதவிக் கைடு கூட்டிட்டுப் போவான். நீங்க அவங்க கூடப் போறீங்களா இல்ல மேல வர்றீங்களா, சீக்கிரம் சொல்லுங்க, நின்னா மத்தவங்க வெறைச்சுப் போயிடுவாங்க. இவ்ளோதான் அவன் கேட்டது. பாப்பா என் கையப் புடிச்சா, "போங்க அண்ணி. நீங்க கீழ வந்து என்ன பண்ணப் போறீங்க, நான் தூங்கத்தான் போறேன்." நான் ஒரு நிமிஷம்கூட யோசிக்கல, இதத்தான் எத்தன தடவ நெனைச்சாலும் எனக்கு மாத்திச் சொல்ல முடியல, "சரி பாத்துப் போ"ன்னுட்டேன். அந்தக் கருப்பு நாய் அது வரைக்கும் எங்க வரிசைய ஒட்டித்தான் வந்துச்சு. பாப்பா எந்திரிச்சு ரெண்டு அடி எறங்கினதும் அது என்னப் பாத்துச்சு, அவளப் பாத்துச்சு, வால ஆட்டிக்கிட்டு அவ பின்னாடி எறங்கிப் போயிருச்சு. ராஜ்மா சாதம் யார் தட்டுன்னு அதுக்குத் தெரிஞ்சிருக்கு.

கூத்துல தர்மர் பட்டாபிஷேகத்தோட கதை முடிஞ்சிரும். அதுக்கப்புறம் நடக்கறத எங்க பாட்டிதான் சொல்லும். அஞ்சு பேரும் பாஞ்சாலியும் வடக்க மலை ஏறிப் போவாங்க, கூட ஒரு நாய். பாஞ்சாலிதான் மொதல்ல விழுவா. தர்மர் திரும்பிப் பாக்க மாட்டார். அப்புறம் சகாதேவன், நகுலன், அர்ஜுனன், ஒவ்வொருத்தரா. ஏண்ணா இவங்க விழுந்தாங்கன்னு பீமன் கேப்பான், தர்மர் நடந்துக்கிட்டே ஒவ்வொருத்தருக்கும் ஒரு குத்தம் சொல்வார். கடைசில பீமனும் விழுவான், அவனுக்கும் ஒரு குத்தம் இருக்கும். தண்ணியாவது குடுத்திருக்கலாம்லன்னு நான் கேட்டதுக்கு பாட்டி "தர்மரு அப்படித்தான்"னு சொல்லிட்டு தூங்கிரும்.

நான் திரும்பிப் பாத்தேன். நாலஞ்சு தடவ பாத்தேன், ரெண்டு லைட்டு கீழ கீழ போச்சு, ஒரு வளைவுல அதுவும் மறைஞ்சுது. ஆனா குத்தம் சொல்ற வேலைய நானும் பண்ணேன், நடந்துக்கிட்டே. வேகமா ஏறினா, கைடு சொல்லியும் கேக்கல. தண்ணி குடிக்கல. 27 நிமிஷம்னு ஒரு தெனாவெட்டு. ஒவ்வொரு அடிக்கும் ஒண்ணு கெடைச்சுது, நடக்கறதுக்கு வசதியா இருந்துச்சு, லாரி நம்பர விட நல்லாவே. அப்புறம் அந்தக் காலித் தட்டு ஞாபகம் வந்துச்சு. அதோட குத்தம் சொல்றது நின்னுச்சு, மூச்சும் ஒழுங்கு கெட்டுச்சு, ரெண்டு தடவ உக்காந்தேன். அந்தப் பையன் பின்னாடியே நின்னான். "பஸ், தஸ் மினிட்." அவன் கொரல்ல நேத்து இருந்த சிரிப்பு இல்லன்னு எனக்குத் தோணுச்சு, இல்ல குளிரா இருக்கலாம்.

கடைசி நூறு மீட்டர் செங்குத்து. கையையும் ஊனி ஏறினேன். உச்சில சின்னதா கல்லு அடுக்கி ஒரு சிவன், சூலம், கலர் துணி கட்டியிருக்காங்க. சிவன் மொதல்ல இங்கதான் இருக்க வந்தாராம், மாட்டு மணிச் சத்தம் தொந்தரவா இருக்கவும் கேதார்நாத்துக்குப் போயிட்டாராம். ஏழு மணிக்கு மேல சூரியன் வந்துச்சு. சுத்தி எல்லாப் பக்கமும் மலை, பந்தர்பூஞ்ச், காலாநாக், அப்புறம் அந்தப் பையன் கைய நீட்டி "ஸ்வர்காரோஹிணி"ன்னான். 6,252 மீட்டர். அது வழியாத்தான் தர்மர் சொர்க்கத்துக்குப் போனதா அங்க நம்பிக்கை. மொதல்ல நுனி மட்டும் செவந்துச்சு, அப்புறம் ரோஸ், அப்புறம் சாதா வெள்ளை, பத்து நிமிஷத்துல எல்லாம் முடிஞ்சுது. அழகுதான். இல்லன்னு சொன்னா அது நடிப்பு. எல்லாரும் கொடி புடிச்சு போட்டோ எடுத்தாங்க, நானும் எடுத்தேன், அத்தையோட குரங்குக் குல்லாவோட. ராகி உருண்டைய எடுத்துக் கடிச்சா கோலிகுண்டு மாதிரி இருக்கு, பல்லு போகாதது புண்ணியம். வாயிலயே அடக்கி வெச்சு ஊற விட்டேன். அப்பத்தான் வாக்கி டாக்கில கீழ இருந்து சத்தம் வந்துச்சு, அவன் கேட்டுட்டு என்கிட்ட வந்து ரெண்டு கையையும் கன்னத்துல வெச்சு தூங்கற மாதிரி காட்டினான். "டீக் ஹை." என்னோட அந்த முப்பது வார்த்தைல ஒண்ணு.

எறங்கறது பாதி நடை, பாதி சறுக்கு, பனில உக்காந்து சறுக்கியே விட்டாங்க, 42 வயசுல பேன்ட் பின்பக்கம் கிழிஞ்சுது. பேஸ் கேம்ப்ல பாப்பா எந்திரிச்சு உக்காந்திருந்தா, மூஞ்சி வீங்கி, ஆனா கண்ணு தெளிஞ்சிருந்துச்சு. அன்னிக்கே எல்லாரும் ஹர்காவ் கேம்ப் வரைக்கும் எறங்கிட்டோம், எறங்க எறங்க அவளுக்கு உயிர் வந்ததக் கண்ணால பாத்தேன், சாயங்காலம் ரெண்டு பிளேட் மேகி சாப்பிட்டா, நாய்க்கு ஒரு பருக்கை விடல.

"நல்லா இருந்துச்சா அண்ணி மேல?"

"இருந்துச்சு."

"ம்."

கொஞ்ச நேரம் கழிச்சு நான் சொன்னேன், "நேத்து நான் அந்தப் பையன்கிட்ட சொல்லியிருக்கணும்." பாப்பா ஃபோர்க்க நக்கிக்கிட்டே சொன்னா, "சொல்லியிருந்தா உங்க கூட ஆறு மாசம் பேசியிருக்க மாட்டேன்." அது உண்மைதான், பேசியிருக்க மாட்டா. அப்புறமா அந்தப் பையன்கிட்ட நானா போய் மன்னிப்பு கேக்கலாம்னு பாப்பாவ மொழிபெயர்க்கக் கூப்பிட்டேன், அவ வரமாட்டேனுட்டா. நானே போய் "ஸாரி, பாயி"ன்னேன். அவன் அறுந்த கெய்ட்டர் பட்டைய ஊசி வெச்சு தெச்சுக்கிட்டு இருந்தான். தலைய ஆட்டினான், மறுபடி தெக்க ஆரம்பிச்சான்.

சாங்க்ரில சர்டிபிகேட் குடுத்தாங்க. எனக்கு உச்சின்னு போட்டிருந்துச்சு, அவளுக்கு பேஸ் கேம்ப்னு. அவ அத நாலா மடிச்சு பைல போட்டுக்கிட்டா. பெங்களூர்ல எறங்கி நேரா கிருஷ்ணகிரிக்கே வந்தா என் கூட, அம்மா கையால களி தின்னணும்னு. வீட்டுக்குள்ள நுழைஞ்சதும் அத்தை ரெண்டு பேர் மூஞ்சியையும் திருப்பித் திருப்பிப் பாத்தாங்க, வெயில்ல தோல் உரிஞ்சு கெடந்துச்சு. "ரெண்டு பேரும் உச்சிக்குப் போய்ட்டு வந்தீங்களா?"

நான் வாயத் தொறக்கறதுக்குள்ள பாப்பா சொல்லிட்டா. "அண்ணிதான் போனாங்கமா. எனக்கு பாதில முடியாமப் போச்சு, வாந்தி, நாயோட கீழ வந்துட்டேன்."

அத்தை என்னப் பாத்தாங்க. "வுட்டுட்டா போன?"

"ஆமாங்கத்தை."

வேற ஒண்ணும் கேக்கல. அடுப்படிக்குப் போய் களிய கெளறி எறக்கிக் கொண்டு வந்தாங்க, கை நனைச்சு உருட்டினாங்க. எங்க வீட்ல இருபது வருஷமா வேலைக்குப் போற ஆளுன்னு மொத உருண்டை எனக்குத்தான் வரும், பாப்பா வந்திருந்தாலும்கூட. அன்னிக்கு மொத உருண்டை பாப்பா தட்டுக்குப் போச்சு. குழி பண்ணி கீரைக் குழம்பு ஊத்தினாங்க. அப்புறம் எனக்கும் ஒண்ணு உருட்டினாங்க, எப்பவும் போடறத விடப் பெருசா.